தற்சார்பில் நின்ற கலைஞர்

படப்பிடிப்பு நிலையங்களும் நடிகர்களும் திரையரங்குகளும் ஒரு சில பெரும் நிறுவனங்களின் பிடியில் இருக்கையில், பொருள்வளம் இல்லாத ஒருவர் தம் மனம் விரும்பிய படத்தைத் தயாரித்தல் இயலுமா? 1950ஆம் ஆண்டுகளின் ஜப்பானில் இவ்வினாவுக்குத் தம் உழைப்பால் விடை தந்தவர் கானேட்டோ ஷிண்டோ.

ஹிரோஷிமா மாநிலத்தில் 1912இல் பிறந்த இவர், ஷொச்சிக்கு நிறுவனத்தில் திரைக்கதையாசிரியராகப் புகழ் பெற்றார். இவருடைய கதைகளில் துன்பச் சாயல் மிகுதி என நிறுவனத்தார் குறை கூறினர். 1950இல் இயக்குநர் கோசாபுரோ யோஷிமுராவுடன் வெளியேறிய ஷிண்டோ, நடிகர் தைஜி தோனோயாமா முதலியோரோடு கூடித் தனித் திரைப்படக் கழகம் ஒன்றைத் தோற்றுவித்தார்.

நேசநாட்டுப் படைகளின் ஆட்சிக்காலத்தில் அணுகுண்டின் கொடுமையை மனம்போல் எடுத்துரைக்கத் தணிக்கை இடந்தரவில்லை. அவ்வாட்சி 1952 ஏப்ரலில் நீங்கியது. ஆகஸ்டிலேயே, ஜப்பானிய ஆசிரியர் சங்கத்தின் ஆதரவோடு உருவான ‘அணுகுண்டின் பிள்ளைகள்’ வெளிவந்தது. தன்னிடம் பயின்ற குழந்தைகளைத் தேடி ஹிரோஷிமாவுக்குத் திரும்பும் ஆசிரியை ஒருத்தியின் கதை அது. படத்தில் கண்ணீர் உண்டு, கண்டனம் போதாது எனக் கருதிய சங்கம், 1953இல் வேறொரு படத்துக்குத் துணை நின்றது. ஆதரித்தவர்களுக்காகவும் ஷிண்டோ தம் பார்வையை மாற்றிக்கொள்ளவில்லை.

பிக்கினித் தீவில் 1954இல் நிகழ்ந்த நீர்வளிக்குண்டுச் சோதனையால் கதிர்வீச்சுக்கு ஆளான மீனவர்களைப் பற்றி 1959இல் அவர் படம் எடுத்தார். அது வருவாய் ஈட்டவில்லை, கடன் பெருகியது. கழகத்தை மூடிவிடும் நிலையில், இறுதிப் படம் என்றெண்ணியே 1960இல் ‘ஆடையில்லாத் தீவு’ படத்தைத் தொடங்கினார். ஏறத்தாழ 13 பேர் கொண்ட குழு உள்நாட்டுக் கடலின் சிறு தீவொன்றில் பணியாற்றியது. நன்னீர் இல்லாத அத்தீவில், அண்டைத் தீவிலிருந்து படகில் நீர் கொணர்ந்து, செங்குத்தான மேட்டில் சுமந்தேறிப் பயிர் வளர்க்கும் உழவர் குடும்பமே கதை. உரையாடல் இல்லை என்றே சொல்லலாம். மகனைப் பறிகொடுத்த தாய் ஒருகணம் நீரைக் கொட்டிக் கதறுகிறாள். பின்னர் மீண்டும் பயிருக்கு நீர் வார்க்கிறாள்.

1961இல் மாஸ்கோ திரைப்பட விழாவில் அப்படம் பெரும்பரிசைப் பகிர்ந்துகொண்டது. அறுபதுக்கும் மேற்பட்ட நாடுகளுக்கு விற்பனையாயிற்று, கடன் தீர்ந்தது, கழகமும் பிழைத்தது.

போர்க்காலத்தில் தம்மோடு கடற்படையில் சேர்க்கப்பட்ட நூறு பேரில் உயிர் பிழைத்த அறுவருள் ஷிண்டோவும் ஒருவர். அந்நினைவைத் தம் 98ஆம் அகவையில் ‘அஞ்சலட்டை’ என்னும் படமாக்கினார். 2012இல், நூறாம் அகவையில் மறைந்தார்.

பொருள்வளம் குன்றிய வேளையிலும் கொள்கையை விற்காமல், செலவைச் சுருக்கிச் சொல்ல வந்ததைச் சொல்லலாம் என்பதே இவர் வாழ்க்கை மாணவர்க்குக் கற்பிக்கும் பாடம்.