கிடுகு: கேடயத்தின் பெயர், கூரையின் பெயர்

கிழக்கிலங்கையின் வரிப்பத்தான்சேனை வயல்வாடியிலும் கல்முனைக் கரைவலைக்காரரின் மீன்வாடியிலும் மேலே கிடப்பது கிடுகு. தென்னோலையை நடு மட்டையோடு இரண்டாகப் பிளந்து, தண்ணீரில் ஊறப்போட்டு, பதமானதும் பின்னி எடுப்பது. தமிழ்நாட்டில் பெரும்பாலும் இதைக் கீற்று என்பார்கள்.

சங்க நூல்களில் கிடுகு என்றால் கேடயம். பட்டினப்பாலை காவிரிப்பூம்பட்டினத்துப் பரதவர் குடியிருப்பைக் காட்டும்போது இச்சொல் வருகிறது. தாழ்ந்த கூரைகளில் நெடிய தூண்டிற்கோல்கள் சார்த்தியிருக்கின்றன. கிடுகுகளை நிரையாக நிறுத்தி, வேல்களை ஊன்றி, நடுகல்லுக்கு எடுத்த அரண்போல அது தெரிகிறது. கோலுக்கு வேல் என்றால் கூரைக்குக் கிடுகு. கூரையும் கிடுகும் அந்த உவமைக்குள்ளேயே பக்கத்தில் வந்து நிற்பதைப் படிக்கும்போதெல்லாம் எனக்கு மனம் நிறைந்துவிடும்.

இரண்டில் எது முந்திய பொருள்? கேடயத்துக்குத் தோல், பலகை என்றும் பெயருண்டு. இரண்டும் அது செய்யப்பட்ட பொருளால் வந்தவை. கிடுகும் அப்படியே பின்னலைக் குறித்துப் பிறந்து, பின்னிச் செய்த கேடயத்துக்கு ஏறியிருக்கலாம் என்பது என் எண்ணம். போர்க்களப் பொருள் ஏட்டில் முந்திக் கிடைக்கிறது என்பதற்காக அதையே மூலமென்று கொள்ள வேண்டியதில்லை. புலவர்கள் வேல்களையும் கேடயங்களையும் பாடினார்கள். ஓலை பின்னிய கைகளை அவ்வளவாகப் பாடவில்லை.

வேயும் முறையும் கேடயத்துக்கும் கூரைக்குமான இந்த உறவுக்குத் துணை நிற்கிறது. கூரை இறப்பிலிருந்து தொடங்கி மேல்நோக்கி, ஒன்றின் விளிம்பை அடுத்தது மூடும்படி, கேடயங்களை நிரைத்ததுபோல நிரை நிரையாகக் கட்டுவார்கள். மழைநீர் உள்ளே இறங்க இடைவெளி கிடைக்காது. கூரை மட்டுமல்ல, வளவைச் சுற்றி வேலி, கிணற்றடியில் பெண்கள் குளிக்க மறைப்பு என்று நம் ஊர்களில் கண்ணுக்கும் வெயிலுக்கும் தடுப்பாக நின்றது இதுதான்.

இலங்கை ஆங்கிலத்தில் இதே பொருளுக்கு வழங்கும் 'கஜான்' மலாய் மொழியின் 'காஜாங்' வழியாக வந்தது. அங்கே அது படகுக்கு மேற்கூண்டாகப் போடும் ஓலைப்பாய்.

ஓடும் தகரமும் வந்தபின் கிடுகு வீடுகள் அருகின. ஆனாலும் 2004 கடல்கோளுக்குப் பின் எழுந்த தகரக் கொட்டில்களில் வெக்கை தாங்காமல் தகரத்தின் மேலேயே கிடுகு பரப்பியவர்கள் உண்டு. இன்று அறுகம்குடா விடுதிக் குடில்களுக்கும் கிடுகு தேவைப்படுகிறது. வெயில் தணிய அதற்கு ஈடான கூரை இந்தக் கரையில் வேறில்லை.