மரமின்றி எழுந்த கூரை

பாலை நிலத்தில் வீடு கட்ட முனைவோனுக்கு இடர் தருவது சுவரன்று, கூரையே. மண் எங்கும் கிடைக்கும். சிறிது நீரும் வைக்கோலும் இருந்தால் பச்சைச் செங்கல் அறுத்துவிடலாம். உத்தரத்திற்கு மரம்? எகிப்தியக் கொத்தனார்கள் இவ்வினாவிற்கு மூவாயிரம் ஆண்டுகட்கு முன்பே விடை கண்டுவிட்டனர். லுக்ஸரின் எதிர்க்கரையில், இரண்டாம் ரமேசஸ் எழுப்பிய ஆலயத்தை ஒட்டிய களஞ்சியங்களின் பச்சைச் செங்கல் வளைவுகள் இன்றும் நிற்கின்றன.

இக்கலையை நம் காலத்திற்கு மீட்டுத் தந்தவர் கட்டடக் கலைஞர் ஹஸன் ஃபத்ஹீ (1900–1989). போர்க்காலத்தில் இரும்பும் மரமும் அரிதாகிவிட, 1941-இல் அவர் மண்ணைக் கொண்டே கூரையும் வளைக்க முயன்றார். வளைவுகள் சரிந்து விழுந்தன. பட்டம் பெற்றவரால் இயலாததை அஸ்வான் பகுதியின் நூபியக் கொத்தனார்கள் தம் பாட்டனார் வழியில் செய்து கொண்டிருந்தனர். சகோதரர் சொல்லக் கேட்டு அங்குச் சென்ற ஃபத்ஹீ, அவர்களையே ஆசிரியராகக் கொண்டார்.

அவர்தம் முறை எளிது. பின்சுவரை முதலில் உயர்த்துவர். வளைவின் முதல் வரிசையை அதன்மேல் சாய்த்து ஒட்டுவர். அடுத்த வரிசை முந்தியதன்மேல் சாயும். களிமண் சாந்தின் பிசுபிசுப்பே செங்கல்லைத் தாங்குவதால் சாரப் பலகை தேவையில்லை. தடித்த சுவரும், நடு முற்றமும், மேற்காற்றைப் பிடித்து அறைக்குள் இறக்கும் ‘மல்கஃப்’ என்னும் காற்றுக்கூண்டும் சேர்ந்தால், மின்விசிறி வேண்டாத வீடு.

ஆயினும் நல்ல வீடு கட்டிவிட்டால் மக்கள் குடிவந்துவிடுவர் என்பதில்லை. பழைய கல்லறைகளின்மீது வாழ்ந்த குர்னா மக்களை இடம்பெயர்க்க விரும்பிய அரசு, 1945-இல் புதுக் குர்னாவைக் கட்டும் பொறுப்பை ஃபத்ஹீயிடம் அளித்தது. பள்ளிவாசலும் சந்தையும் பள்ளிக்கூடமும் எழுந்தன. மக்களுள் பெரும்பாலோர் வர மறுத்தனர். அக்கல்லறைகளே அவர்தம் பிழைப்பு. குவிமாடம் அடக்கத்தலத்திற்கே உரியது என்று அவர்கள் அஞ்சியதாகவும் கூறுவர். குற்றம் மண்ணிலன்று; குடியிருப்போரின் விருப்பமறியாது பிறந்த அரசாணையில்தான் என்பேன். பின்னர் உப்புநீர் ஊறி வீடுகள் பல சிதைந்தன. பள்ளிவாசல் நிற்கிறது. 1980-இல் நூபியக் கொத்தனார்களுடன் அமெரிக்காவின் நியூ மெக்ஸிகோ வறண்ட நிலத்திற்குச் சென்றும் ஒரு பள்ளிவாசலை அவர் எழுப்பினார்.

இவ்வளைவு நம் பக்கமும் வந்துள்ளது. விழுப்புரத்திலிருந்து திருவாண்டார்கோயில், வில்லியனூர் வழியே புதுச்சேரியை அடைந்து வடக்கே திரும்பினால், 1968-இல் தொடங்கப்பெற்ற ஆரோவில். அன்று அது மழை அரித்த செம்மண் மேடு. வரப்பெடுத்து நீரைத் தேக்கி, மரம் வளர்த்த பின்னரே குடியிருக்க வாய்த்தது. அங்குள்ள மண் கட்டடக் கழகத்தார் நூபிய முறையில் வளைவுகள் அமைத்துப் பயிற்சியும் அளிக்கின்றனர். அழுத்திய மண்கல்லால் அமைந்த வருகையாளர் மையம் 1992-இல் ஹஸன் ஃபத்ஹீ பெயரிலான விருதையே பெற்றது!

எகிப்தின் பச்சைச் செங்கல்லை அப்படியே இங்குக் கொணர இயலாது. ஐப்பசி, கார்த்திகை மழையில் அது கரைந்துவிடும். எனவே மண்ணோடு நூற்றுக்கு ஐந்து பங்களவில் சிமெண்டு சேர்த்து, கையால் இயக்கும் பொறியில் அழுத்தி, நான்கு வாரம் ஈரத்தில் பதப்படுத்துகின்றனர். சூளையில்லை; ஆதலால் விறகுமில்லை. சுடுமண் கலைக்குப் பெயர்பெற்ற வில்லியனூரார்க்கு மண்ணின் இயல்பைக் கற்பிக்க வேண்டுவதில்லை. ஆனால் நம் சிற்றூர்களில் ‘மெத்தை வீடு’ என்றால் இன்றும் கம்பியும் சிமெண்டும் கலந்த தளந்தான். சித்திரை வெயிலில் அதன்கீழ்ப் பகற்பொழுதைக் கழிப்பவர்கள் பெரும்பாலும் நம் வீட்டுப் பெண்களும் முதியோரும்.