தேர்வீதியும் வடிகாலும்: பேட்ரிக் கெடிஸின் நகரியத்துக்குச் சீர்காழி வைக்கும் கேள்வி

பேட்ரிக் கெடிஸ் (1854–1932) கட்டடக்கலை பயின்றவர் அல்லர், உயிரியலாளர். ஊரை உயிருள்ள உடலாகக் கண்டு, கத்தி வைக்குமுன் நோயை அறிய வேண்டும் என்று அவர் வற்புறுத்தியதற்கு அந்தப் பயிற்சியே காரணம். சென்னை மாகாண ஆளுநர் பென்ட்லண்ட் பிரபுவின் அழைப்பை ஏற்று 1914இல் இந்தியா வந்தார். அவருடைய நகரக் கண்காட்சிப் பொருள்களை ஏற்றிவந்த கப்பலை ஜெர்மானியப் போர்க்கப்பல் எம்டன் மூழ்கடித்தது. (சென்னைமீது குண்டு வீசிய அதே எம்டன்தான்.) புதிதாகப் படங்களைத் திரட்டி 1915இல் சென்னையில் கண்காட்சியை நடத்தினார்.

அவ்வாண்டு மாகாணத்து ஊர்களைப் பற்றி அவர் எழுதிய அறிக்கைகளில் தஞ்சாவூர்க் கோட்டைப் பகுதி பற்றியது முதன்மையானது. நெருக்கமான குடியிருப்பை ஊடறுத்து நேர்த்தெருக்கள் போடும் திட்டத்தை அவர் மறுத்தார். இருக்கிற சந்துகளை இடத்துக்கேற்ப அகலப்படுத்தலாம், பாழடைந்த சில வீடுகளை மட்டும் அகற்றலாம், காலிமனைகளைத் திறந்தவெளியாக விடலாம் என்றார். செலவும் குறையும், குடிபெயர்வோரும் குறைவர். கொசுவுக்கு அஞ்சிக் குளங்களைத் தூர்ப்பதையும் எதிர்த்தார். மீன் விட்டால் போதும் என்பது அவர் வாதம். கோயில் நகரங்களையும் தேர்வீதிகளையும் அவர் வியந்ததை ஆய்வாளர்கள் பலரும் எடுத்துக்காட்டிவிட்டனர். அந்த வியப்பு சற்று மிகையாகவே போற்றப்படுகிறது என்பது என் கருத்து.

கெடிஸின் கோட்பாட்டில் வலுவான பகுதி வேறு. மலையிலிருந்து கடல்வரை ஓர் ஆற்றுப் பள்ளத்தாக்கை நெடுக வெட்டிப் பார்த்து, அதனுள் ஊரை வைத்துக் காண்பது அது. எடின்பரோவில் அவர் நடத்திய நோக்குக் கோபுரத்தின் உச்சியில் நின்றால் நகரும் சுற்றுப்புறமும் ஒருசேரத் தெரியும். காவிரி டெல்டாவின் கடைமடையிலுள்ள சீர்காழிக் கோயிலில் தோணியப்பரைக் கடந்து சட்டைநாதர் சந்நிதிவரை ஏறினாலும் உயரம் கிடைக்கும். ஆனால் கீழே விரிவது சமநிலம். இங்கே நீரை நடத்துவது நிலத்தின் சரிவைவிட மதகும் வாய்க்காலும்தான். கடைமடையில் பாசன வாய்க்கால் பலவும் வடிகாலாகவும் உழைக்கின்றன. கண்ணுக்குத் தெரியாத சில அடி மேடுபள்ளமே வெள்ளத்தின் போக்கை முடிவுசெய்கிறது. டெல்டாவில் பல இடங்களில் அந்தப் பள்ளமே சேரிக்கு ஒதுக்கப்பட்டது. எந்தச் சுவரை அகற்றலாம் என்று கேட்கும் கெடிஸின் முறை, யாரை எந்த நிலத்தில் குடிவைத்தார்கள் என்று தானாகக் கேட்பதில்லை.

2022 நவம்பர் 11–12இல் சீர்காழியில் ஒரே நாளில் 44 செ.மீ. மழை பெய்தது. தெருக்களோடு சுற்றுவட்டாரச் சம்பா வயல்களும் மூழ்கின. தஞ்சாவூரில் கெடிஸ் கையாண்ட தெருவளவு மருத்துவம் இதற்கு எட்டாது. பள்ளத்தாக்குப் பார்வை எட்டும். ஆனால் சந்துகளை அவர் அளந்த நுணுக்கத்தோடு அதை வாய்க்கால்களுக்கும் கொண்டுவர வேண்டும். அவருடைய அறிக்கைகளுக்குப் பின் இயற்றப்பட்ட 1920ஆம் ஆண்டின் சென்னை நகரமைப்புச் சட்டம் தெரு, மனை, கட்டடம் என்ற வழியில் சென்றது. நீர் பொதுப்பணித் துறையிடம் நின்றது. ஊரின் வரைபடமும் வாய்க்காலின் வரைபடமும் அன்றுமுதல் வெவ்வேறு அலுவலகங்களில் இருக்கின்றன.