கைக்கடிகாரத்தின் அளவும் தோட்டத்துக் காலமும்

கைக்கடிகாரம் வாங்கச் செல்வோர் இன்று கடையில் எதிர்கொள்ளும் முதல் வினா அளவைப் பற்றியது. "40 வேண்டுமா, 44 வேண்டுமா, 46 வேண்டுமா?" என்று விற்பனையாளர் கேட்கிறார். கைத்தொலைபேசியோடு இணைந்து, நாடித் துடிப்பையும் நடந்த அடிகளையும் கணக்கிட்டுக் காட்டும் ஸ்மார்ட் கடிகாரம் பரவிய பின் இவ்வினா வீடுதோறும் எழுகின்றது. பெரியது வாங்கினால் கைக்குப் பொருந்துமா, சிறியது வாங்கினால் எழுத்துத் தெரியுமா என்ற ஐயம் இளைஞருக்கும் உண்டு, முதியோருக்கும் உண்டு.

இது வெறும் அழகு பற்றிய வினா அன்று. ஒரு கடிகாரம் எவ்வளவு பெரிதாக இருக்க வேண்டும் என்பதை, அது யாருக்குக் காலம் அறிவிக்கின்றது, என்ன வேலைக்காக அறிவிக்கின்றது என்பவையே எக்காலத்தும் முடிவு செய்து வந்துள்ளன. கோல சிலாங்கூர், புக்கிட் ரோத்தான், ஈஜோக், பத்தாங் பெர்ஜுந்தை முதலிய வட்டாரத் தோட்டங்களில் நம்மவர் வாழ்ந்த வாழ்க்கையை நோக்கினால் இவ்வுண்மை நன்கு விளங்கும்.

ஒலியே கடிகாரமாயிருந்த காலம்

தமிழர்க்குக் காலக் கணக்குப் புதியதன்று. 24 நிமிடம் கொண்டது ஒரு நாழிகை. 60 நாழிகை ஒரு நாள். ஏழரை நாழிகை ஒரு சாமம். நாழிகை வட்டிலில் நீரை அளந்து பொழுதைக் கணித்தனர். பாசறையில் தங்கிய அரசனுக்கு நாழிகைக் கணக்கர் பொழுது அறிந்து சொன்ன செய்தியை முல்லைப்பாட்டில் காண்கிறோம். இங்கே ஒன்றைக் கருத வேண்டும். காலத்தை அளக்கும் கருவி ஓரிடத்தில் இருந்தது. அதை அறிந்தவர் சிலர். ஏனையோர் அவர் சொல்லைக் கேட்டு நடந்தனர்.

மலாயாவின் இரப்பர்த் தோட்டங்களிலும் இதே முறைதான் நிலவிற்று. விடியுமுன் தப்பொலியோ, தொங்கவிட்ட இரும்புத் துண்டின் ஓசையோ லயங்களை எழுப்பும். ஆண்களும் பெண்களும் இருளிலேயே பிரட்டுக் களத்தில் வந்து நிற்பர். கிராணியார் பெயர் கூப்பிடுவார்; கங்காணியார் ஆளை எண்ணுவார்; துரை மேற்பார்வையிடுவார். கடிகாரமோ ஆபீசுச் சுவரில் இருந்தது. அக்கடிகாரம் உண்மையில் எவ்வளவு பெரிது? அதன் முகம் ஓரடி அகலமே இருக்கலாம். ஆனால் அதன் ஓசை எட்டிய தூரமே அதன் அளவு. தோட்டம் முழுவதற்கும் அந்த ஒரு கடிகாரமே போதுமானதாய் இருந்தது. 1897-இல் கோலாலம்பூரில் 41 மீட்டர் உயரத்துக்கு எழுந்த அரசாங்கச் செயலக மணிக்கூண்டு நகர மக்களுக்குச் செய்த பணியைத் தோட்டத்தில் தப்பு செய்தது.

விடியற்காலை வேலைக்கு ஒரு காரணமும் உண்டு. வெயில் ஏறு முன்னர் மரத்தினுள் நீரழுத்தம் மிகுந்திருக்கும். அப்போது பட்டையைச் சீவினால் பால் நன்கு வடியும். வெயில் ஏறினால் இலைகள் நீரை ஆவியாக விடும், அழுத்தம் குறையும், பாலும் குறையும். ஆகவே மரத்துக்கு வேண்டியது சூரியனின் கடிகாரம். கூலிக் கணக்குக்கு வேண்டியது ஆபீசுக் கடிகாரம். இவ்விரண்டுக்கும் இடையே நின்று உழைத்தவன் தோட்டத் தொழிலாளி. அவன் கையில் கடிகாரம் இல்லை.

சட்டைப்பையிலிருந்து மணிக்கட்டுக்கு

அந்நாளில் வசதியுள்ளோர் வைத்திருந்தது சட்டைப்பைக் கடிகாரம். சங்கிலியில் கோத்துப் பைக்குள் வைப்பதாகலின் அது பெரிதாக இருப்பது குறையாகாது. அமெரிக்க இரயில்வேக்களில் புகழ்பெற்ற 18-ஆம் எண் கடிகாரத்தின் உள்ளியந்திரம் மட்டுமே ஏறத்தாழ 45 மில்லி மீட்டர் குறுக்களவு கொண்டது. சுவிட்சர்லாந்துக் கைவினைஞரோ 'லீஞ்' என்னும் பழைய பிரெஞ்சு அளவால் கணக்கிட்டனர்; ஒரு லீஞ் சுமார் 2.26 மில்லி மீட்டர். கடிகாரத்தின் அளவு என்பது தொடக்கத்தில் இவ்வாறு உள்ளியந்திரத்தின் அளவே ஆகும். அணிபவரின் கையளவு அன்று.

கையில் கட்டும் கடிகாரம் முதலில் பெண்களின் அணிகலனாகவே கருதப்பட்டது. போர்தான் இக்கருத்தை மாற்றிற்று. குறித்த நிமிடத்தில் பீரங்கி முழங்க, குறித்த நிமிடத்தில் படை எழ வேண்டிய களத்தில், பைக்குள் கைவிட்டுக் கடிகாரத்தை எடுக்க நேரம் ஏது? 1914 முதல் 1918 வரை நடந்த முதல் உலகப் போரில் வீரர்கள் கடிகாரத்தை மணிக்கட்டில் வாரிட்டுக் கட்டினர். போர் முடிந்தபின் அவ்வழக்கம் ஊருக்குள் வந்தது.

அப்போருக்கும் நம் வட்டாரத்துக்கும் ஒரு தொடர்பு உண்டு. கோல சிலாங்கூர் அருகே ரந்தாவ் பாஞ்சாங் தோட்டத்தில் 1911-ஆம் ஆண்டளவில் எண்ணெய்ப்பனை விதைகளை ஊன்றிய பிரெஞ்சுக்காரர் ஹென்றி ஃபோக்கோனியே, போர் மூண்டதும் தாய்நாட்டுப் படையில் சேரச் சென்றார். 1917-இல் பத்தாங் பெர்ஜுந்தைப் பகுதியில் தென்னமரம் தோட்டம், இந்நாட்டின் முதல் வாணிக எண்ணெய்ப்பனைத் தோட்டமாக உருவாயிற்று. பின்னர் 'மலேசி' என்ற புதினத்துக்காக 1930-இல் கோன்கூர் பரிசு பெற்றவரும் அவரே. கைக்கடிகாரமும் எண்ணெய்ப்பனையும் ஏறத்தாழ ஒரே காலத்தில் வேரூன்றியவை எனலாம்.

நிமிடத்தின் மதிப்பு

தப்பொலிக்கு நிமிடம் தெரியாது. நிமிடத்தைக் காட்ட வேண்டுமாயின் அதற்குப் போதிய அளவுள்ள முகமும் தெளிவான முள்ளும் வேண்டும். நம் நாட்டில் நிமிடத்தின் மதிப்பை அரசாணைகளே மக்களுக்கு உணர்த்தின.

கோல சிலாங்கூர் கிழக்குத் தீர்க்க ரேகை 101¼ பாகையை ஒட்டி உள்ளது. சூரியக் கணக்கின்படி இதன் நேரம் கிரீனிச்சுக்கு 6 மணி 45 நிமிடம் முந்தியது. 1905-இல் மலாயாவின் நேரம் கிரீனிச்சுக்கு 7 மணி முந்தியதாக வகுக்கப்பட்டது. 1933-இல் 20 நிமிடம் கூட்டினர். 1941-இல் மேலும் 10 நிமிடம் கூட்டினர். 1942-இல் ஜப்பானியர் தோக்கியோ நேரத்தைப் புகுத்தி, முள்ளை ஒன்றரை மணி முன்னே தள்ளினர். அப்போது நம் வட்டாரத்தில் சூரியன் உச்சிக்கு வந்தது கடிகாரப்படி இரண்டேகால் மணி அளவில்; பொழுது விடிந்தது எட்டு மணிக்கு மேல்! 1945-இல் பழைய நேரம் மீண்டது. 1982 சனவரி 1 முதல் தீபகற்ப மலேசியா இன்றைய நேரத்துக்கு மாறிற்று. இது கிரீனிச்சுக்கு 8 மணி முந்தியது. மரமோ எந்த ஆணையையும் கேளாது தன் பொழுதில் பால் தந்தது. காலம் என்பது இயற்கை மட்டுமன்று, அதிகாரமும் ஆகும் என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டுவதில்லை.

உழைப்பு நேரமும் கடிகாரமும்

கடிகாரம் யார் கையில் உள்ளது என்பது கூலிக்காரனுக்கு வாழ்வுப் பிரச்சினை. 1941-இல் கிள்ளான் வட்டாரத்தில் எழுந்து சிலாங்கூரின் பிற பகுதிகளுக்கும் பரவிய தோட்டத் தொழிலாளர் வேலைநிறுத்தத்தை நினைவுகூர்க. ஆர். எச். நாதன் முதலியோர் முன்னின்ற அப்போராட்டத்தின் கோரிக்கைகளுள், நாளொன்றுக்கு 10 முதல் 12 மணி நேரம் வேலை வாங்குவதை ஒழிக்க வேண்டும் என்பதும் ஒன்று. துரைமாரைக் கண்டால் சைக்கிளிலிருந்து இறங்க வேண்டும் என்ற இழிவு நீங்க வேண்டும் என்பது மற்றொன்று. ஒன்று நேரத்தைப் பற்றியது. மற்றொன்று மானத்தைப் பற்றியது. இரண்டும் ஒரே பட்டியலில் இடம்பெற்றது தற்செயல் அன்று. அரசாங்கம் படையைக் கொண்டு அதை அடக்கிற்று. நாதன் கைதாகி இந்தியாவுக்கு அனுப்பப்பட்டார்.

ஆனால் கோரிக்கை சாகவில்லை. 1954-இல் தேசியத் தோட்டத் தொழிலாளர் சங்கம் அமைந்தது. 1955-ஆம் ஆண்டின் வேலைச் சட்டம் நாளுக்கு 8 மணி, வாரத்துக்கு 48 மணி என வரம்பிட்டது. 2023 முதல் வார வரம்பு 45 மணி ஆயிற்று. சட்டம் மணியை வகுத்தால் போதாது; மணியைத் தானே பார்க்க உழைப்பவனுக்கு ஒரு கருவி வேண்டும். மணமகனுக்குச் சங்கிலி, மோதிரத்தோடு கைக்கடிகாரமும் சீராக வைக்கும் வழக்கம் நம்மிடையே வளர்ந்ததை இந்த நோக்கில் காண வேண்டும். அது ஆடம்பரம் மட்டுமன்று. என் நேரம் என் கையில் உள்ளது என்ற உரிமையின் அடையாளமும் ஆகும்.

ஆண் அளவும் பெண் அளவும்

அக்காலக் கைக்கடிகாரங்கள் பெரியவை அல்ல. இரண்டாம் உலகப் போரில் பிரிட்டிஷ் படைக்காகப் பன்னிரண்டு நிறுவனங்கள் செய்தளித்த கடிகாரங்கள் 35 முதல் 38 மில்லி மீட்டர் வரையே இருந்தன. போர்க்களத்துக்குப் போதுமான அளவு அது! அதே போரில் ஜெர்மானிய விமானத்தில் வழிகணிப்போர் அணிந்த கடிகாரமோ 55 மில்லி மீட்டர். தடித்த மேலங்கியின் மீது கட்டுவதற்காகவும், மங்கிய ஒளியில் நொடியையும் காண்பதற்காகவும் அவ்வாறு செய்தனர். வேலையே அளவை வகுத்தது என்பதற்கு இவ்விரண்டும் சான்று.

பெண்களுக்கான கடிகாரத்தில் இந்நெறி பிறழ்ந்தது. அங்கே அணிகலன் என்ற எண்ணமே ஆட்சி செய்தது. 1929-இல் வெளிவந்த ஜேஜர் லெகூல்த்ர் 101 என்னும் உள்ளியந்திரம் 14 மில்லி மீட்டர் நீளமும் ஏறத்தாழ 5 மில்லி மீட்டர் அகலமும் உடையது. எடை சுமார் ஒரு கிராம். கைத்திறனில் அஃது ஓர் அற்புதம். ஆயின் விரல்நகத்தளவு முகத்தில் நிமிடத்தைப் படிப்பது எளிதோ? தப்பு ஒலிக்கும் முன்பே எழுந்து, உலை வைத்து, பிள்ளையை ஆயாக் கொட்டகையில் விட்டு, கணவனோடு பிரட்டுக்கு நின்றவள் தோட்டத்துப் பெண். நேரத்தின் நெருக்கடியை மிகுதியும் அறிந்தவளுக்குக் கடைகள் வைத்திருந்தவை மிகச் சிறிய கடிகாரங்கள்.

இன்றைய எண்களின் பொருள்

2015-இல் ஆப்பிள் நிறுவனத்தின் கடிகாரம் 38, 42 என்ற இரண்டு அளவுகளில் விற்பனைக்கு வந்தது. 2018-இல் அவை 40, 44 ஆயின. 2021-இல் 41, 45. 2024-இல் 42, 46. இடையே 2022-இல் 49 மில்லி மீட்டர் கொண்ட ஒரு வகையும் வந்தது. அன்று பெரியது எனப்பட்ட 42 இன்று சிறியது எனப்படுகின்றது. எண்ணை மட்டும் நம்பி வாங்குவது சரியன்று என்பதற்கு இதுவே போதும்.

மேலும், எல்லா நிறுவனத்தாரும் ஒன்றையே அளப்பதில்லை. நீள்சதுரக் கடிகாரத்தில் அவ்வெண் கூட்டின் உயரத்தைக் குறிக்கும். வட்டக் கடிகாரத்தில் குறுக்களவைக் குறிக்கும். ஆதலால் 44 என்ற ஒரே எண்ணுடைய இரு கடிகாரங்கள் கையில் வேறு வேறு இடத்தை அடைத்துக் கொள்ளும்.

கையை அளப்பது எளிது. மணிக்கட்டு எலும்புக்கு ஒரு விரல் மேலே நூலைச் சுற்றிச் சுற்றளவைக் காண்க; இது வாருக்கு உதவும். பின்னர் அவ்விடத்தில் கையின் மேற்புறத் தட்டைப் பகுதி எத்தனை மில்லி மீட்டர் அகலம் என்று அளக்க; இதுவே கடிகாரத்தை முடிவு செய்யும். வார் மாட்டும் காதுகளையும் சேர்த்துக் கடிகாரத்தின் முழு நீளம் அந்த அகலத்தைத் தாண்டலாகாது. அட்டையில் அவ்வளவுக்கு வெட்டிக் கையில் வைத்துப் பார்த்தால் ஐயம் தீரும். தடிப்பையும் கருத வேண்டும். தடித்த கூடு, கையை மடக்கும்போது புறங்கையில் அழுந்தும்.

அழகை விட இன்றியமையாத காரணம் ஒன்று உண்டு. ஸ்மார்ட் கடிகாரம் தன் அடிப்புறத்திலிருந்து பச்சை ஒளியைத் தோலின் மீது பாய்ச்சி, குருதியோட்டத்துக்கு ஏற்ப ஒளி மாறுபடுவதைக் கொண்டு நாடியைக் கணக்கிடுகின்றது. பெரிய கடிகாரம் சிறிய கையில் ஆடினால் வெளியொளி புகும், கணக்குப் பிழைபடும். ஆனால் நாற்பது வயதுக்கு மேல் கிட்டப் பார்வை மங்குவோர்க்குச் சிறு திரை தொல்லை தரும். அவர்கள், கையின் அகலம் இடங்கொடுக்கும் எல்லைக்குள், பெரிய திரையைத் தேர்ந்தெடுப்பதே முறை. பெரிதாயின் மின்கலம் கட்டாயம் நெடுநேரம் நிற்கும் என்றும் எண்ண வேண்டா. ஆப்பிள் நிறுவனம் பல ஆண்டுகள் தன் சிறிய கடிகாரத்துக்கும் பெரிய கடிகாரத்துக்கும் ஒரே 18 மணி நேரத்தையே அறிவித்து வந்தது.

இனி இறுதியாக ஒன்று. பழைய கைக்கடிகாரம் உழைப்பவனுக்குக் காலத்தைக் காட்டிற்று. அவனை அது கவனிக்கவில்லை. புதிய கடிகாரமோ காலத்தைக் காட்டுவதோடு, அணிந்தவனின் நாடியையும் உறக்கத்தையும் அசைவையும் எழுதி வைக்கின்றது. பணியாளரின் கையில் கருவியை மாட்டி வேலையை அளக்கும் முறை உலகின் சில தொழிலிடங்களில் ஏற்கெனவே வந்துவிட்டது. பிரட்டுக் களத்தில் ஆளை எண்ணிய காலத்தைக் கடந்து வந்த நாம், கடிகாரத்தின் அகலத்தைக் கேட்கும்போதே, அது எழுதும் கணக்கு யாரிடம் போய்ச் சேர்கின்றது என்பதையும் கேட்டு வாங்குவது நலம்.