மோட்சதாயினியும் மோக்கதாவும்

பத்தொன்பதாம் நூற்றாண்டு வங்கப் பெண்கவிஞர்களைப் பயில்வோர் மோட்சதாயினி முகோபாத்தியாய் என்ற பெயரைக் காண்பர். முதல் உலகப்போரில் மெசபொட்டேமியாவுக்குச் சென்ற இந்தியரைப் பற்றிப் பயில்வோர் காண்பது மோக்கதா தேவி. இருவரும் ஒருவரே. வடமொழி 'க்ஷ' வங்காள ஒலிப்பில் 'க்க' ஆகும். எழுத்தைப் பின்பற்றியோர் ஒரு வடிவத்தையும் ஒலியைப் பின்பற்றியோர் மற்றொன்றையும் ஆங்கிலத்தில் ஆள, ஒரே வாழ்க்கை இரண்டு நூற்பட்டியல்களில் பிரிந்து கிடக்கிறது. (தமிழிலும் 'மோட்சம்', 'மோக்கம்' என இரு வடிவங்கள் உண்டு.)

1848இல் பிறந்த இவரைப் பலரும் அறிமுகப்படுத்துவது டபிள்யூ. சி. பானர்ஜியின் தங்கை என்றுதான். 1885இல் பம்பாயில் கூடிய காங்கிரஸின் முதல் தலைவர் பானர்ஜி. அண்ணன் அந்த மேடையேறுவதற்குப் பதினைந்து ஆண்டுகள் முன்னரே, 1870இல், தங்கை 'பங்க மஹிளா' இதழைத் தொடங்கிவிட்டார். பெண்ணொருவர் ஆசிரியராக இருந்த முதல் வங்காள இதழாக அது கருதப்படுகிறது; நெடுநாள் நீடிக்கவில்லை.

அதன் தலைப்பை முன்னோடி இதழ்களின் தலைப்புகளோடு ஒப்பிட வேண்டும். 1863இல் தோன்றியது 'பாமாபோதினி', அதாவது பெண்ணுக்கு அறிவூட்டுவது. 1869இல் வந்தது 'அபலாபாந்தவ்': அபலையரின் நண்பன். இரண்டையும் நடத்தியோர் ஆடவர்; நோக்கமும் நல்லதே. எனினும் இத்தொகைகளில் பெண் அடைமொழியாகவே நிற்கிறாள். தலைமைச்சொல் அவளுக்கு உதவுவோரைச் சுட்டுகிறது. 'வங்கப் பெண்' என்னும் தலைப்பில் தலைமைச்சொல்லே அவள்தான்.

இந்தச் சொல்லுணர்வு அவருடைய கவிதையிலும் உண்டு. கவிஞர் ஹேம்சந்திர பந்தோபாத்தியாய், வங்கப் பெண்களை எள்ளி 'பாங்காலிர் மேயே' எழுதினார். மோட்சதாயினியின் விடை 'பாங்காலிர் பாபு'. 1882இல் வெளிவந்த 'வனப்பிரசூன்' தொகுப்பில் உள்ளது. தலைப்பில் மாறியது ஒரு சொல் மட்டுமே. பத்து மணி முதல் நான்கு வரை ஆங்கிலேயர் அலுவலகத்தில் அடிமை, வீட்டில் எஜமான், தாய்மொழியில் ஆங்கிலம் கலந்து பேசுவதில் பெருமை: பாபுவின் ஒவ்வொரு பெருமிதத்தையும் உரித்துக் காட்டுகிறார். ஹேம்சந்திரர் கல்கத்தா உயர்நீதிமன்ற வழக்கறிஞர். அண்ணன் பானர்ஜியும் அங்கேதான் பாரிஸ்டர். இங்கிலாந்தின் கிராய்டனில் அண்ணன் வாங்கிய இல்லத்துக்குச் சொந்த ஊரான கிதிர்பூரின் பெயரையே சூட்டினார். ஆக, பாபுவின் உலகம் மோட்சதாயினிக்கு வீட்டுக்குள்ளேயே தெரிந்த உலகம். நையாண்டியின் துல்லியத்துக்கு அதுவும் காரணம் என்பது என் கணிப்பு.

பின்னர் 1928இல், எண்பதாம் வயதில், 'கல்யாண் பிரதீப்'. இந்திய மருத்துவப் பணியில் கேப்டனாக இருந்த பேரன் கல்யாண் குமார் முகர்ஜி, 1916இல் கூட் நகரம் வீழ்ந்தபோது துருக்கியரிடம் சிறைப்பட்டு, மறு ஆண்டு சிறையிலேயே இறந்தார். அவருடைய கடிதங்களைக் கோத்துப் பாட்டி எழுதிய வரலாறு இது. ஆங்கிலேயர் கற்பித்த தேசப்பற்றே இத்தனை குருதிக்கும் காரணம் என்று பேரன் எழுதிய கடிதமும் அதில் உண்டு. காங்கிரஸின் முதல் தலைவரின் தங்கை அதை நீக்காமல் அச்சிட்டார்.

அமிதவ் கோஷின் கட்டுரைகளால் இந்நூல் இன்று போர் வரலாற்று மாணவர்களுக்கு ஓரளவு அறிமுகம். அவர்கள் அறிவது துயருற்ற பாட்டியை. 'பாங்காலிர் பாபு' பயில்வோர் அறிவது இளம் அங்கதக் கவிஞரை. தேடுவோர் இரு பெயர்களிலும் தேடுக.