நெல்லைச் சீமையில் அமெரிக்க வரலாற்று நூல்கள்: விலை, மொழி, பாடத்திட்டம்

தமிழ்நாட்டுக் கல்லூரிகளில் அமெரிக்க வரலாற்றைத் தனித்தாளாகப் பயிற்றும் வழக்கம் இந்திய விடுதலைக்குப் பின்னரே வலுப்பெற்றது. எந்த நூல் மாணவர் கையை எட்டியது என்பதைத் தீர்மானித்தவை மூன்று: நூலின் விலை, அதன் மொழி, பல்கலைக்கழகப் பாடத்திட்டம். சுரண்டை, தென்காசி, குற்றாலம் வட்டாரத்தை முன்வைத்து இம்மூன்றின் போக்கை இக்கட்டுரை ஆராய்கிறது.

ஆங்கிலேயர் காலம்

அமெரிக்க மிஷனரிகள் 1816-இல் யாழ்ப்பாணத்திலும் 1834-இல் மதுரையிலும் பணி தொடங்கினர். வட்டுக்கோட்டை செமினரியும் (1823) மதுரை அமெரிக்கன் கல்லூரியும் (1881) அவர்கள் நிறுவியவை. சுரண்டை உள்ளிட்ட திருநெல்வேலிச் சீமையில் கல்விப்பணி செய்தவையோ சர்ச் மிஷனரி சொசைட்டி முதலிய இங்கிலாந்துச் சங்கங்கள். அக்காலப் பாடத்திட்டத்தில் இங்கிலாந்து வரலாறே முதன்மை பெற்றது. அமெரிக்கா அதற்குள், பிரிட்டன் இழந்த குடியேற்றங்களின் கதையாக மட்டும் இடம்பெற்றது.

கோதுமைக் கடனும் மலிவுப் பதிப்புகளும்

1950 பிப்ரவரியில் இந்தியாவும் அமெரிக்காவும் செய்துகொண்ட ஒப்பந்தத்தால் ஃபுல்பிரைட் கல்விப் பரிமாற்றம் தொடங்கியது. மறு ஆண்டு, உணவுத் தட்டுப்பாட்டைச் சமாளிக்க அமெரிக்கா இந்தியாவுக்கு 19 கோடி டாலர் கோதுமைக் கடன் வழங்கியது. அக்கடனுக்கான வட்டியில் 50 லட்சம் டாலர் வரை ஆசிரியர் பரிமாற்றத்துக்கும், இந்திய உயர்கல்வி நிறுவனங்களுக்கு நூல்களும் அறிவியல் கருவிகளும் வாங்குவதற்கும் ஒதுக்கப்பட்டது. 1954-இன் பி.எல். 480 என்ற அமெரிக்கச் சட்டப்படி வந்த தானியத்துக்கு இந்தியா ரூபாயிலேயே விலை கொடுத்தது. அந்த ரூபாயின் ஒரு பகுதி 1960களில் அமெரிக்கப் பாடநூல்களை இந்தியாவிலேயே மலிவாக மறுபதிப்பிட உதவியது.

இந்த முயற்சிகளின் உச்சம் 1964-இல் ஹைதராபாத் உஸ்மானியா பல்கலைக்கழக வளாகத்தில் தொடங்கிய அமெரிக்க ஆய்வு மையம். மாவட்டக் கல்லூரிகளின் ஆசிரியர்கள் உதவித்தொகை பெற்று அங்கே தங்கிப் படிக்க வழி இருந்தது. இப்படி நூல்கள் பெருகியதற்குப் பனிப்போர்க் கால அரசியலும் ஒரு காரணம். சோவியத் நூல்களும் அதே காலத்தில் தமிழிலேயே மிகக் குறைந்த விலைக்குக் கிடைத்தன.

மூன்று பல்கலைக்கழகங்கள்

குற்றாலம் ஸ்ரீ பராசக்தி மகளிர் கல்லூரி 1964-இல் தொடங்கியபோது இப்பகுதி சென்னைப் பல்கலைக்கழகத்தின் எல்லைக்குள் இருந்தது. 1966-இல் மதுரைப் பல்கலைக்கழகமும், 1990-இல் திருநெல்வேலியில் மனோன்மணியம் சுந்தரனார் பல்கலைக்கழகமும் அமைந்தன. சுரண்டை காமராஜர் அரசு கலைக் கல்லூரி இன்று பின்னதன் கீழ் இயங்குகிறது. பாடத்திட்டம் வகுக்கும் இடம் சென்னையிலிருந்து மதுரைக்கும், பிறகு நெல்லைக்கும் நகர்ந்தபோது, நூல் எழுதுவோரும் இப்பக்கத்து ஆசிரியர்களாயினர். மதுரையில் பணியாற்றிய கே. ராஜய்யன், ந. சுப்பிரமணியன் ஆகியோர் அமெரிக்க வரலாறு குறித்து ஆங்கிலத்தில் எழுதிய நூல்கள் தென்மாவட்டக் கல்லூரிகளில் பரவின.

தமிழ்வழிப் பட்டப்படிப்பு 1960-இல் கோவை அரசு கலைக் கல்லூரியில் தொடங்கியது. அதற்காக ஏற்பட்ட பாடநூல் முயற்சி, 1970களில் தமிழ்நாட்டுப் பாடநூல் நிறுவனத்தின் கல்லூரி வெளியீடுகளாக விரிந்தது. இவ்வெளியீடுகள் உலக வரலாற்றைத் தமிழில் முறையாகப் படிக்க வழிசெய்தன. ஆனால் பல நூல்கள் மறுபதிப்புக் காணாத இடைவெளியில், பாடத்திட்டத்தின் ஐந்து அலகுகளையும் வினா-விடையாகச் சுருக்கிய தேர்வுக் கையேடுகள் புகுந்தன.

நூல்களின் கோணம்

பாடத்திட்டத்தில் நிலைத்த நூல்களில் முக்கியமானது ஹென்றி பாம்ஃபோர்ட் பார்க்ஸ் எழுதிய ஒரே தொகுதி வரலாறு. 1953-இல் வெளியான இந்நூல் இந்தியப் பதிப்பாகவும் வந்தது. குடியேற்றம், அரசியலமைப்பு, உள்நாட்டுப் போர், தொழில்வளர்ச்சி என்ற அதன் வரிசை பாடத்திட்ட அலகுகளுக்கு ஒத்துப்போனது. அரசியலமைப்பை வகுத்தோரின் சொத்து நலன்களை ஆராய்ந்த சார்லஸ் பியர்டின் 1913 நூலும் மேற்கோளாக வழங்கியது.

மாற்றுக் கோணங்களோ இங்கே தாமதமாகவே எட்டின. அடிமைத்தளையிலிருந்து விடுபட்ட கறுப்பின மக்களை, உள்நாட்டுப் போருக்குப் பிந்திய மறுசீரமைப்புக் காலத்தின் மையத்தில் வைத்தவர் டபிள்யூ.இ.பி. டுபாய்ஸ் (1935). எரிக் ஃபோனர் 1988-இல் அக்கோணத்தை விரிவாக நிறுவினார். ஹோவர்ட் ஜின் 1980-இல் செவ்விந்தியர், தொழிலாளர், பெண்கள் ஆகியோரின் பக்கமிருந்து முழு வரலாற்றையும் எழுதினார். பழைய நூலையே ஒட்டிக் கேட்கப்படும் தேர்வு வினாக்கள் இத்தகைய மாற்றங்களை வகுப்பறைக்குள் எளிதில் அனுமதிப்பதில்லை.

விடுபட்ட உள்ளூர்த் தொடர்பு

இறக்குமதியான நூல்களில் காணாதது அமெரிக்க வரலாற்றுக்கும் நெல்லைச் சீமைக்கும் உள்ள தொடர்பு. உள்நாட்டுப் போருக்கு முன் பிரிட்டனின் ஆலைகளுக்கு வந்த பஞ்சில் பெரும்பங்கு அமெரிக்கத் தென்மாநிலங்களுடையது. 1861-இல் வடமாநிலக் கடற்படை தென்துறைமுகங்களை மறித்ததும் லங்காஷயர் ஆலைகள் இந்தியப் பஞ்சைத் தேடின. தூத்துக்குடி வழியாக ஏற்றுமதியான 'டின்னவெல்லி' பருத்திக்கு விலை பன்மடங்கு ஏறியது. 1865-இல் போர் முடிந்ததும் விலை சரிந்தது. சங்கரன்கோவில், கோவில்பட்டி கரிசல் காட்டு விவசாயியின் வரவு-செலவில் அமெரிக்காவின் அடிமைமுறைப் போர் நேரடியாகப் பட்டது. ஏ.ஜே. ஸ்டூவர்ட்டின் மாவட்டக் கையேடு (1879), எச்.ஆர். பேட்டின் மாவட்ட விவரச்சுவடி (1917) ஆகியவற்றைப் பாடநூலுடன் சேர்த்துப் பயன்படுத்தினால், உள்ளூர் வேளாண்மையையும் உலகச் சந்தையையும் இணைத்துக் கற்பிக்கலாம்.

பிரிட்டிஷ் தளபதி காரன்வாலிஸ் இன்னொரு சான்று. 1781-இல் யார்க்டவுனில் சரணடைந்த அவரே 1792-இல் திப்பு சுல்தானைப் பணியவைத்து, திண்டுக்கல் உள்ளிட்ட பகுதிகளைக் கிழக்கிந்தியக் கம்பெனிக்குப் பெற்றார். அமெரிக்கத் தாளிலும் இந்தியத் தாளிலும் தனித்தனியே வரும் இவ்விரு நிகழ்ச்சிகளும் ஒரே பேரரசின் வரலாறு.

இன்றைய நிலை

2018 முதல் வந்த புதிய பள்ளிப் பாடநூல்களில் ஒன்பதாம் வகுப்பின் 'புரட்சிகளின் காலம்' பாடம் அமெரிக்க விடுதலைப் போரைத் தமிழில் அறிமுகம் செய்கிறது. கல்லூரிக்கு வெளியே பா. ராகவனின் 'டாலர் தேசம்' அமெரிக்க அரசியல் வரலாற்றை வெகுமக்கள் நடையில் தந்தது. கல்லூரி அளவில், ஓப்பன்ஸ்டாக்ஸ் அமெரிக்க வரலாற்று நூலும் 'தி அமெரிக்கன் யாப்' நூலும் இணையத்தில் இலவசம். கோதுமைக் கடன் காலத்தில் மானியம் தேவைப்பட்ட விலைத்தடை இவற்றால் பெரிதும் நீங்கிவிட்டது. எனினும் இவை ஆங்கில நூல்கள். பட்டப்படிப்புக்கு உரிய, பிந்திய ஆய்வுகளையும் உள்ளூர்ச் சான்றுகளையும் இணைத்த தமிழ் நூலும், அதை ஏற்றுக் கேள்வி கேட்கும் பாடத்திட்டமும் அமைந்தால்தான் மற்ற இரு தடைகளும் விலகும்.