மூலத்தைப் பார்க்காத மொழிபெயர்ப்பாளர்கள்

1

விண்டோஸுக்காக எழுதப்பட்ட விளையாட்டுகளை மேக் கம்ப்யூட்டரில் ஓட்டும் முயற்சிக்கு ஏறத்தாழ முப்பது ஆண்டுச் சரித்திரம் உண்டு. சரித்திரம் என்ற சொல்லைக் கேட்டுச் சிலர் முகம் சுளிக்கலாம். விளையாட்டே அற்ப விஷயம். அதைத் தனக்குரியதல்லாத இயந்திரத்தில் ஓட்டப் பார்ப்பது அதனினும் அற்பம். இப்படி ஒதுக்கிவிடுவது சுலபம். எனினும், ஒரு படைப்பை அதன் சொந்தத் தளமே கைவிட்ட பின் அது எங்கே, யாருடைய உழைப்பில் உயிர் தரிக்கிறது என்ற கேள்வியை இவ்வளவு ஸ்தூலமாக எழுப்பிய துறை வேறொன்று எனக்குத் தென்படவில்லை. புத்தகம் மடிய நூற்றாண்டு வேண்டும். கம்ப்யூட்டர் விளையாட்டுக்குப் பத்தாண்டு போதும். பிறப்பு, இறப்பு, மறு உயிர்ப்பு எல்லாமே நம் ஆயுளுக்குள் பார்க்கக் கிடைக்கின்றன.

மேக் ஆரம்பத்திலிருந்தே விளையாட்டுகளுக்கு ஆகாத இயந்திரம் என்ற எண்ணம் பரவலாக இருக்கிறது. இது சரியல்ல. 1993இல் 'மிஸ்ட்' முதலில் மேக்கில்தான் வந்தது. மேக்கின் ஹைப்பர்கார்டு என்ற கருவியைக் கொண்டு செய்யப்பட்டது. சிக்காகோவைச் சேர்ந்த பஞ்சி என்ற சிறு நிறுவனம் 1994இல் 'மாரதான்' விளையாட்டை மேக்குக்காகவே எழுதியது. அதே நிறுவனத்தின் 'ஹேலோ'வை 1999 ஜூலையில் நியூயார்க் மேக்வேர்ல்டு மேடையில் ஸ்டீவ் ஜாப்ஸே அறிமுகம் செய்தார். மறு ஆண்டு மைக்ரோஸாப்ட் பஞ்சியை வாங்கிவிட்டது. 'ஹேலோ' 2001இல் மைக்ரோஸாப்டின் எக்ஸ்பாக்ஸில் வந்தது. மேக்குக்கு வந்து சேர 2003 டிசம்பர் ஆயிற்று.

இதைத் துரோகக் கதையாகச் சொல்லும் மேக் ரசிகர்கள் உண்டு. எனக்கு அதில் அக்கறை இல்லை. சந்தை இருக்கும் இடத்துக்குச் சரக்கு போகும். கவனிக்க வேண்டியது விளைவைத்தான்: தொண்ணூறுகளின் முடிவில் மேக் வைத்திருந்தவன், விளையாட்டைப் பொறுத்தவரை, மொழிபெயர்ப்பை நம்பி வாழும் வாசகனாகிவிட்டான்.

2

அன்று கிடைத்த மொழிபெயர்ப்பு முரட்டுத்தனமானது. அப்போதைய மேக்கில் இருந்தது பவர்பிஸி பிராசஸர். விண்டோஸ் புரோகிராம்கள் இன்டெல் பிராசஸருக்குரிய கட்டளைகளில் இருந்தன. ஆகவே இன்ஸிக்னியாவின் ஸாஃப்ட்விண்டோஸ், 1997இல் வந்த கனெக்டிக்ஸின் வர்ச்சுவல் பிஸி போன்றவை மேக்குக்குள் ஒரு முழு இன்டெல் கம்ப்யூட்டரையே பாவனையாக நிறுவின. அதற்குள் விண்டோஸ், விண்டோஸுக்குள் விளையாட்டு. ஒவ்வொரு கட்டளையையும் எடுத்து, பெயர்த்து, பிறகு நிறைவேற்ற வேண்டும். கடிதம் தட்டவும் கணக்குப் போடவும் இது போதும். நொடிக்கு முப்பது முறை திரையைப் புதிதாக வரைய வேண்டிய முப்பரிமாண விளையாட்டுக்குப் போதாது. வர்ச்சுவல் பிஸியை 2003இல் மைக்ரோஸாப்ட் வாங்கியது. 2006இல் அதன் மேக் வடிவத்தை நிறுத்தியது.

இதற்கு முற்றிலும் வேறான வழி ஒன்று 1993இலேயே தொடங்கியிருந்தது. மேக்குக்காக அல்ல, லினக்ஸுக்காக. அதன் பெயர் வைன். 'வைன் ஓர் எமுலேட்டர் அல்ல' என்ற ஆங்கில வாக்கியத்தின் முதலெழுத்துகள் சேர்ந்த பெயர். அந்த வாக்கியத்தின் முதல் சொல்லும் வைன்தான். பாப் ஆம்ஸ்டாட், எரிக் யங்டேல் ஆகியோர் தொடங்கிவைத்தார்கள். 1994 முதல் இதைப் பேணி வருபவர் ஸ்விட்சர்லாந்துக்காரரான அலெக்ஸாண்டர் ஜூலியார்.

இந்தப் பெயரில் உள்ள மறுப்பு வெறும் வேடிக்கை அல்ல. எந்தப் புரோகிராமும் எல்லாவற்றையும் தானே செய்துகொள்வதில்லை. 'ஒரு சாளரம் திற', 'இந்தக் கோப்பைப் படி', 'இந்த ஒலியை எழுப்பு' என்று இயங்குதளத்திடம் கேட்டுக்கொண்டே இருக்கிறது. விண்டோஸில் இவ்வகைக் கோரிக்கைகள் ஆயிரக்கணக்கில் உண்டு. ஒவ்வொன்றுக்கும் ஒரு பெயர், தகவல்களைத் தரவேண்டிய வரிசை, வரவேண்டிய பதில் என்று வரையறை உண்டு. வைன் செய்வது, அதே பெயர்களில் அதே பதில்களைத் தரும் நூலகங்களைத் தானே புதிதாக எழுதிவைப்பது. விளையாட்டு கேட்கிறது, விண்டோஸ் பேசுவதுபோல் வேறொருவர் பதில் சொல்கிறார். பிராசஸர் கட்டளைகள் பெயர்க்கப்படாமல் நேராகவே ஓடுகின்றன. விண்டோஸின் ஒரு பிரதிகூட வேண்டியதில்லை.

3

இங்கேதான் இலக்கிய மொழிபெயர்ப்பாளன் கனவிலும் ஏற்காத நிபந்தனை ஒன்று வருகிறது. மைக்ரோஸாப்டின் மூல நிரலைப் பார்த்த எவரும் வைனுக்கு எழுதக் கூடாது. 2004இல் விண்டோஸ் நிரலின் சில பகுதிகள் வெளியே கசிந்தபோதும் அதைத் தொடுவது வைன்காரர்களுக்கு விலக்காகவே இருந்தது. சட்டம் அப்படி. வெளியிலிருந்து நடத்தையைக் கவனித்து அதேபோல் நடக்கும் ஒன்றைச் சுயமாக எழுதலாம்; உள்ளே பார்த்து எழுதினால் நகல். ஆகவே ஒரு கேள்வியை விண்டோஸிடம் போட்டு, என்ன பதில் வருகிறது என்று குறித்து, அதே பதில் தன்னிடமும் வருகிறதா என்று சோதிக்கும் சிறு புரோகிராம்களை அவர்கள் எழுதிக் குவித்தார்கள். மூலத்தைப் பார்க்கத் தடை விதிக்கப்பட்டவன், மூலம் வாசகனிடம் எப்படி நடந்துகொள்கிறது என்பதை மட்டும் வைத்து மொழிபெயர்க்கிறான்.

இதன் இன்னொரு விளைவு பிழைகளைப் பற்றியது. விண்டோஸ் ஓரிடத்தில் தவறான பதில் தருமானால் வைனும் அதே தவறைச் செய்தாக வேண்டும். ஏனெனில் எங்கோ ஒரு விளையாட்டு அந்தத் தவறை நம்பி எழுதப்பட்டிருக்கும். மைக்ரோஸாப்டே இந்தக் கட்டாயத்துக்கு உட்பட்டதுதான். 'சிம்சிட்டி' விளையாட்டில், திருப்பிக் கொடுத்துவிட்ட நினைவகத்தை மறுபடி படிக்கும் பிழை ஒன்று இருந்தது. பழைய விண்டோஸில் அது யார் கண்ணிலும் படவில்லை. புதிய விண்டோஸில் விளையாட்டு விழுந்தது. விண்டோஸ் 95 எழுதியவர்கள், ஓடுவது சிம்சிட்டிதானா என்று கண்டறிந்து, அதற்கு மட்டும் பழைய வழக்கப்படி நடக்கும் தனி ஏற்பாட்டைச் சேர்த்தார்கள். பிறர் செய்த தவறுக்குத் தன் வீட்டில் இடம் ஒதுக்கிய காரியம் இது. அழகியல் நோக்கில் அசிங்கம்தான். ஆனால் விண்டோஸின் பழைய வாக்குறுதிகள் நிலைத்து நின்றதற்குக் காரணம் இந்த அசிங்கம். மொழிபெயர்க்கத் தகுந்த நிலையான மொழியாக அது ஆனதும் இதனால்தான்.

ஆப்பிளின் சுபாவம் நேர் எதிர். 1994இல் பிராசஸரை மாற்றியது. 2001இல் இயங்குதளத்தையே மாற்றியது. பழைய புரோகிராம்களுக்காக வைத்திருந்த 'கிளாஸிக்' ஏற்பாட்டை 2007இல் எடுத்துவிட்டது. 2006இல் இன்டெல்லுக்கு மாறியது. பவர்பிஸி புரோகிராம்களைப் பெயர்த்துத் தந்த முதல் ரோஸெட்டாவை 2011இல் நீக்கியது. 2019இல் 32 பிட் புரோகிராம்கள் அத்தனையையும் நிறுத்தியது. 2020இல் இன்டெல்லையும் விட்டது. ஒவ்வொன்றுக்கும் நியாயமான காரணம் உண்டு. பழையதைச் சுமக்காதவனுக்கு நடை லேசாக இருக்கும். ஆனால் கைவிடப்பட்டவை வெறும் கருவிகள் மட்டுமல்ல. கருவியைப் புதுப்பிக்க அதைச் செய்தவன் பணத்துக்காகவாவது வருவான். பத்தாண்டுக்கு முன் விற்றுத் தீர்ந்த விளையாட்டைப் புதுப்பிக்க யாரும் வரமாட்டார்கள்.

4

2006 ஜனவரியில் இன்டெல் மேக் வந்ததும் வைனுக்குக் கதவு திறந்தது. பிராசஸர் மொழி ஒன்றாகிவிட்டது. கோரிக்கைகளைப் பெயர்த்தால் போதும். அந்த ஆண்டே ஆப்பிள், விண்டோஸையே மேக்கில் நிறுவ வழிசெய்யும் பூட் கேம்ப்பைத் தந்தது என்பது உண்மை. அது மொழிபெயர்ப்பு அல்ல. வீடு மாறிப் போவது.

வைனின் நிரல் அப்போது இரு வேறு கைகளில் இருந்தது. டிரான்ஸ்கேமிங் என்ற கனடா நிறுவனம், எடுத்துக்கொள்பவர் எதையும் திருப்பித் தரவேண்டியதில்லை என்ற பழைய உரிமத்தின் கீழ் அதை எடுத்து, விளையாட்டுகளுக்கான வரைகலைப் பகுதியைத் தன் சொத்தாக வளர்த்தது. எடுப்பவர்கள் திருப்பித் தராமலே போகலாம் என்ற கவலை வலுத்து, 2002இல் வைன் தன் உரிமத்தை மாற்றியது: வைனைத் திருத்தி வெளியிடுபவர் அந்தத் திருத்தத்தையும் வெளியிட வேண்டும். அமெரிக்காவின் மினசோட்டாவில் இருக்கும் கோட்வீவர்ஸ் இந்த உரிமத்தை ஏற்று, ஜூலியாருக்கும் வேலை கொடுத்து, 2007 ஜனவரியில் மேக்குக்கான கிராஸ்ஓவரை விற்கத் தொடங்கியது. டிரான்ஸ்கேமிங்கின் சைடர் வேறு வழியில் போனது. அது வாசகனுக்கு விற்கப்படவில்லை, பதிப்பாளருக்கு விற்கப்பட்டது. 2007இல் எலெக்ட்ரானிக் ஆர்ட்ஸ் அறிவித்த மேக் விளையாட்டுகள் சைடரால் சுற்றப்பட்ட விண்டோஸ் விளையாட்டுகளே. பெட்டியில் மேக் என்று இருந்தது. உள்ளே இருந்தது விண்டோஸ். மொழிபெயர்ப்பாளர் பெயர் இல்லாமல் அச்சான மொழிபெயர்ப்பு.

இரு நிறுவனங்களும் பணம் வாங்கித்தான் விற்றன. ஆகவே வணிகம், தொண்டு என்று பிரித்துத் தீர்ப்புச் சொல்ல முடியாது. கற்றுக்கொண்டது எங்கே போய்ச் சேர்ந்தது என்பதுதான் வித்தியாசம். கோட்வீவர்ஸ் ஒரு விளையாட்டுக்காகக் கண்ட தீர்வு வைனுக்குத் திரும்பிற்று. அடுத்தவர் அங்கிருந்து தொடங்கினார். சைடரின் அறிவு சைடரோடு நின்றது. வைன் தன் முதல் முழுப் பதிப்பை 2008 ஜூனில், பதினைந்து ஆண்டு உழைப்புக்குப் பிறகு, வெளியிட்டது. டிரான்ஸ்கேமிங் இன்று விளையாட்டு மொழிபெயர்ப்பில் இல்லை.

5

2010 மே மாதம் வால்வ் நிறுவனம் தன் ஸ்டீம் கடையை மேக்கில் திறந்தபோது 'போர்ட்டல்' விளையாட்டைச் சில நாட்களுக்கு இலவசமாகக் கொடுத்தது. வைன் கலப்பில்லாத, மேக்குக்கென்றே செய்த வடிவம். 2019 அக்டோபரில் வந்த கேட்டலீனா 32 பிட் புரோகிராம்களை நிறுத்தியதும் அந்த வடிவம் ஓடாமல் போயிற்று. இதே கதி நூற்றுக்கணக்கான மேக் விளையாட்டுகளுக்கு நேர்ந்தது.

விண்டோஸின் பழைய விளையாட்டுகளும் 32 பிட்தான்; வைன் வழியாக வந்தவையும் அன்றே மடிந்திருக்க வேண்டும். கோட்வீவர்ஸ் இதை முன்கூட்டியே கண்டு, 64 பிட் இடத்துக்குள் 32 பிட் புரோகிராமை ஓட வைப்பதற்காகக் கம்பைலரையே திருத்தி, அந்த டிசம்பரில் கிராஸ்ஓவர் 19 என்று வெளியிட்டது. ஆகவே இந்த விசித்திரம்: மேக்குக்காகச் செய்த போர்ட்டல் மேக்கில் ஓடாது, விண்டோஸுக்காகச் செய்த போர்ட்டல் அதே மேக்கில் ஓடும். சொந்த மொழிப் பிரதி செத்துவிட்டது. அயல்மொழிப் பிரதி மொழிபெயர்ப்பில் உயிரோடு இருக்கிறது.

மொழிபெயர்ப்பு மூலத்தின் நிழல், இரண்டாம்பட்சம் என்று பேசிப் பழகியவர்கள் இதற்கு என்ன பதில் சொல்வார்கள்? பிறந்த தளம் காப்பாற்றும் என்ற நம்பிக்கைக்கு ஆதாரம் இல்லை. எவனோ ஒருவன் அயலில் உட்கார்ந்து, ஒரு மொழியை அதன் பிழைகளோடு கற்றுக்கொள்ளச் சிரமப்பட்டிருக்கிறான். மிஞ்சியிருப்பது அந்தச் சிரமத்தின் பலன்.

6

இதை வெற்றிக் கதையாக முடிக்க முடியாது. 2020 நவம்பரில் வந்த மேக்குகளில் பிராசஸர் மொழி மறுபடி வேறு. இன்று அவற்றில் ஒரு விண்டோஸ் விளையாட்டு ஓட மூவர் வேண்டும். இன்டெல் கட்டளைகளைப் பெயர்க்க ரோஸெட்டா 2. கோரிக்கைகளைப் பெயர்க்க வைன். மைக்ரோஸாப்டின் வரைகலை மொழியான டைரக்ட்எக்ஸை ஆப்பிளின் மெட்டலாகப் பெயர்க்க இன்னொன்று. அந்த மூன்றாவதை 2023 ஜூனில் ஆப்பிளே தந்தது. கேம் போர்ட்டிங் டூல்கிட் என்று பெயர். அதன் அடித்தளம் கிராஸ்ஓவரின் வெளிப்படையான நிரல். வரைகலைப் பகுதி மட்டும் ஆப்பிளின் மூடிய சொத்து. விளையாட்டு செய்பவர்கள் மேக்குக்கு மாற்றுமுன் சோதித்துப் பார்ப்பதற்கென்று தரப்பட்டதை மக்கள் விளையாடுவதற்கே பயன்படுத்தினார்கள். இவற்றை ஒன்றுசேர்த்து எளிதாக்கி 'விஸ்கி' என்று இலவசமாகத் தந்த இளைஞர் ஒருவர் 2025இல் அதை நிறுத்தினார். மேக்கில் வைனின் எதிர்காலம் கோட்வீவர்ஸின் உழைப்பில் நிற்கிறது, அவர்களுடைய வருவாயைத் தன் இலவசம் அரித்துவிடக்கூடும் என்பது அவர் சொன்ன காரணங்களில் ஒன்று. இந்த நேர்மை அபூர்வம்.

மொழிபெயர்ப்புக்குப் பிடிபடாதவையும் இருக்கின்றன. ஏமாற்று ஆட்டத்தைத் தடுக்க விண்டோஸின் அடி ஆழத்தில் அமர்ந்து வேவு பார்க்கும் காவல் நிரல்களோடு வரும் விளையாட்டுகள் வைனில் ஓடுவதில்லை. வாசகனை நம்பாத பிரதி அயல்நாடு போவதில்லை.

2025 ஜூனில் ஆப்பிள் அறிவித்தது: ரோஸெட்டா 2 முழு அளவில் மேக் இயங்குதளத்தின் 27ஆம் பதிப்பு வரைதான். அதன்பின் ஒரு பகுதி மட்டும் மிஞ்சும். யாரும் பராமரிக்காத பழைய விளையாட்டுகளுக்காக. பழையதைத் திரும்பிப் பார்க்காத ஒரு ஸ்தாபனம், விளையாட்டு என்ற அற்பத்துக்கு மட்டும் இந்தச் சலுகையை ஒதுக்கியிருப்பது கவனத்திற்குரியது. செய்தவன் திரும்பி வரமாட்டான் என்பதை அதுவும் ஒப்புக்கொண்டிருக்கிறது. ஆனால் எவ்வளவு மிஞ்சும், எத்தனை ஆண்டு என்பது ஆப்பிளின் விருப்பம். வைனின் சோதனைகள் அப்படி ஒருவர் விருப்பத்தில் இல்லை. விண்டோஸ் மாறுகிறது, மேக் மாறுகிறது, பெயர்த்ததை மறுபடி பெயர்க்க வேண்டியிருக்கிறது. 1993இல் தொடங்கியது இன்னும் முடியவில்லை. முடிகிற வேலை என்று அதைச் செய்பவர்கள் எண்ணியதாகவும் தெரியவில்லை.